வராமை ஒரு தீர்ப்பாகுமா?

‘வராதவனுக்கு எதற்கு வழக்கு?’

ஆசிரியர் ஓய்வறையில் விடைத்தாள் கட்டுகளுக்கு நடுவே அமர்ந்திருந்த நம்மிடம் நண்பர் ஒருவர் இப்படிக் கேட்டார். நல்ல மனிதர், கணக்குத் துறையைச் சேர்ந்தவர். வகுப்புக்கு ஒரு நிமிடம் பிந்தி வரும் மாணவனையும் வெளியே நிறுத்துபவர். கல்லூரி விடுதியில் சமைக்கும் அம்மையார் ஒருவரின் வழக்கு, அவர் வரவில்லை என்ற ஒரே காரணத்தால் தள்ளுபடியான செய்தியை நாம் சொன்னதற்குத்தான் அந்தக் கேள்வி மறுமொழியாக வந்தது. ஓய்வறையில் இருந்த நால்வரும் தலையசைத்தார்கள். படித்தவர்கள் எல்லாருக்கும் அது நியாயமாகவே பட்டது. அந்தத் தலையசைப்புத்தான் நம்மை இதை எழுத வைத்தது.

வழக்கைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம். அம்மையாரின் கணவர் இறந்தபோது கைக்கு வந்த பணத்தில் 80,000 ரூபாயைத் தெரிந்த கடைக்காரர் ஒருவருக்குப் புரோநோட்டின் பேரில் கொடுத்திருந்தார். வட்டி சில மாதம் வந்தது, பிறகு நின்றது. கேட்கப் போனால் நாளை என்றார், அடுத்த வாரம் என்றார், கடைசியில் கடையில் இருந்துகொண்டே இல்லை என்று சொல்லச் சொன்னார். மூன்றாண்டுக் காலவரம்பு முடிய ஒரு மாதம் இருக்கையில், காதுத்தோட்டை அடகு வைத்துக் கட்டணம் செலுத்தி வழக்குத் தொடுத்தார் அம்மையார். அதன் பிறகு 14 வாய்தாவுக்குப் போனார். விடியற்காலை நான்கு மணிக்கு எழுந்து, 200 பிள்ளைகளுக்கு இட்லி அவித்து வைத்துவிட்டு, பேருந்து பிடித்து, நீதிமன்ற வராந்தாவில் மாலை வரை நின்று திரும்பினார். ஒரு நாள் நீதிபதி விடுப்பு. ஒரு நாள் வழக்கறிஞர்கள் நீதிமன்றப் புறக்கணிப்பு. பல நாள் எதிர்த்தரப்புக்கு அவகாசம்.

பதினைந்தாவது வாய்தா அம்மையாரின் சாட்சியத்துக்காகப் போடப்பட்டிருந்தது. அதற்கு முந்தைய இரவு மகளுக்குப் பிரசவ வலி கண்டது. அவர் அரசு மருத்துவமனைத் தாழ்வாரத்தில் இருந்தார். அவருடைய வழக்கறிஞர் வேறோர் ஊர் நீதிமன்றத்தில் இருந்தார். கடைக்காரரின் வழக்கறிஞர் மட்டும் உரிய இடத்தில் இருந்தார். டவாலி வாசலில் நின்று மூன்று முறை பெயர் சொல்லி அழைத்தார். ‘வாதி அழைக்கப்பட்டார், வரவில்லை, வழக்கு தள்ளுபடி.’ ஒரு வரியில் முடிந்தது. கடன் வாங்கியது உண்மையா, புரோநோட்டில் இருப்பது யார் கையெழுத்து, பணம் திரும்பிற்றா என்ற கேள்விகளுள் ஒன்றுகூட எழவில்லை.

இது அம்மையாருக்கு ஏழு மாதம் தெரியாது. வழக்கறிஞரின் குமாஸ்தா ஒவ்வொரு முறையும் ‘வாய்தா போட்டிருக்கு, சொல்லி அனுப்புறோம்’ என்றே சொல்லிவந்தார். ஐயம் வந்து நம்மிடம் வழக்கு எண்ணைக் கொண்டுவந்தார். இணையத்தில் பார்த்தபோது ஆங்கிலத்தில் மூன்று சொற்கள் இருந்தன: ‘டிஸ்மிஸ்டு ஃபார் டிபால்ட்’. அவற்றை அம்மையாருக்குத் தமிழில் சொல்ல வேண்டிய பொறுப்பு நம் தலையில் விழுந்தது. இருபதாண்டுத் தமிழாசிரியப் பணியில் இத்தனை கடினமான மொழிபெயர்ப்பை நாம் செய்ததில்லை.

*

நண்பர் கேட்ட கேள்விக்குச் சட்டம் என்ன சொல்கிறது என்று முதலில் பார்த்துவிடுவோம். 1908ஆம் ஆண்டு உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 9ஆம் கட்டளை இதற்கென்றே அமைந்தது. இரு தரப்பும் வராவிட்டால் நீதிமன்றம் வழக்கைத் தள்ளலாம் என்கிறது 3ஆம் விதி. அப்போது வாதி, காலவரம்பு இடம் தந்தால், புதிதாக வழக்குத் தொடரலாம் என்பது 4ஆம் விதி. பிரதிவாதி வந்து வாதி மட்டும் வராவிட்டால், பிரதிவாதி ஒப்புக்கொண்ட பகுதி நீங்கலாக வழக்கைத் தள்ள வேண்டும் என்கிறது 8ஆம் விதி. அதன் பிறகு வருவதுதான் கடினமானது. அவ்வாறு தள்ளப்பட்டவர் அதே வழக்கு மூலத்தின் பேரில் மறுபடி வழக்குத் தொடுக்கவே முடியாது என்று கதவை அடைக்கிறது 9ஆம் விதி. திறந்திருப்பது ஒரே சன்னல்: வராமைக்குப் ‘போதிய காரணம்’ காட்டி, தள்ளுபடியை நீக்கக் கோரி மனுச் செய்யலாம். அந்த மனுவுக்கு, 1963ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டத்தின் 122ஆம் உறுப்பு தரும் அவகாசம் 30 நாள்.

அந்த 30 நாள் எந்த நாளிலிருந்து எண்ணப்படும்? தள்ளுபடியான நாளிலிருந்து. வாதிக்குத் தெரியவந்த நாளிலிருந்து அன்று. இதற்கு அடுத்த 123ஆம் உறுப்பைப் பாருங்கள். முறையாக அழைப்பாணை சேராமல் ஒருதலைப்பட்சத் தீர்ப்புக்கு ஆளான பிரதிவாதிக்கும் 30 நாள்தான். ஆனால் அவருக்கு அது தீர்ப்பை அறிந்த நாளிலிருந்து எண்ணப்படுகிறது. அறியாதவனுக்குக் காலம் ஓடாது என்ற எளிய நியாயம் பிரதிவாதிக்குத் தெரிந்தே தரப்பட்டிருக்கிறது. வாதிக்கோ, வழக்கைத் தொடுத்தவர் அவர்தாமே, நாளை அறிந்திருக்க வேண்டாமா என்று விடை சொல்லப்படுகிறது. அம்மையார் நாளை அறிந்திருந்தார். அன்று நடந்ததைத்தான் அறியவில்லை.

தமிழ் படித்தவர்கள் என்ற முறையில் இரண்டு சொற்களைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். ‘வாய்தா’ நம் சொல்லன்று. இந்துஸ்தானி வழியே வந்த அதற்கு வாக்குறுதி என்பது மூலப்பொருள். இந்த நாளில் உன்னைக் கேட்கிறேன் என்று நீதிமன்றம் தரும் வாக்கு அது. அந்த வாக்கை நீதிமன்றம் 14 முறை தள்ளிவைக்கலாம், எதிர்த்தரப்பு தள்ளிவைக்கக் கேட்கலாம். வாதி ஒரு முறை தவறினால் வழக்கே போயிற்று. மற்றொரு சொல் ‘தள்ளுபடி’. ஆடித் தள்ளுபடியில் துணியின் விலை குறைகிறது, கடன் தள்ளுபடியில் உழவனின் சுமை குறைகிறது. வழக்குத் தள்ளுபடியில் மட்டும், வாங்கியவனின் கடன் கொடுத்தவளின் கணக்கில் தள்ளுபடியாகிறது.

*

முன்னோர் இதை எப்படிப் பார்த்தார்கள்? பழமை எல்லாம் பொற்காலம் என்று பேசும் கூட்டத்தில் நாம் இல்லை. கோவலனை ஒரு சொல் கேளாமல் கொன்றது மதுரை அரசவைதான். ஆயினும் இளங்கோவடிகள் அதைக் குற்றமாக எழுதினார் என்பது முக்கியம். கையில் ஒற்றைச் சிலம்போடு, நாளும் நேரமும் குறிக்கப்படாமல் வந்து நின்றவளைப் பாண்டியன் உள்ளே வரச் சொன்னான், கேட்டான், தன் பிழையை அறிந்த கணமே உயிர் நீத்தான். கேளாத தீர்ப்பு தீர்ப்பே ஆகாது என்பதற்காக ஓர் ஊரையே எரியவிட்ட காப்பியம் நம்முடையது. செங்கோன்மை அதிகாரத்தில் வள்ளுவரும், எளிதில் காணக் கிடைக்காதவனாய், ஆராயாமல் முறை செய்பவனாய் இருக்கும் மன்னன் தானே கெடுவான் என்கிறார்.

இவற்றைவிட நம் பொருளுக்கு நெருக்கமானது பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணத்தில் உள்ள மாமனாக வந்து வழக்குரைத்த படலம். மதுரை வணிகன் தனபதி, பிள்ளையில்லாதவன், தங்கை மகனையே மகனாகக் கொண்டு, சொத்தை அவனுக்கு விட்டுத் தவம் செய்யப் போய்விடுகிறான். தாயத்தார் சிறுவனின் பொருளைக் கவர்ந்துகொள்கிறார்கள். கேட்க ஆளில்லாத தாய் சொக்கநாதரிடம் முறையிடுகிறாள். இறைவன் தனபதியின் உருக்கொண்டு அவைக்கு வந்து வழக்காடுகிறார். இவர் தனபதி அல்லர் என்று தாயத்தார் மறுக்க, அவரவர் குலமுறைகளை ஒவ்வொன்றாகச் சொல்லி மெய்ப்பித்துச் சிறுவனுக்கு உரியதை வாங்கித் தருகிறார்.

பக்தியோடு படித்துவிட்டுப் போகிற கதைதான். ஆனால் கதைக்குள் இருக்கும் அவலத்தைக் கவனியுங்கள். ஏழைப் பெண்ணின் பக்கம் உண்மை இருந்தது, உரிமை இருந்தது. இல்லாதது ஒன்றே: அவைக்கு வந்து நிற்கக்கூடிய ஓர் ஆள். அந்த ஒரு குறையைத் தீர்க்க ஆலவாய் அண்ணலே இறங்கி வர வேண்டியிருந்தது. வருகை என்பது வலியவர்களுக்கு எளிது, எளியவர்களுக்கு அரிது என்பதை அந்தப் படலத்தைப் பாடியவர் அறிந்திருந்தார். நம் ஓய்வறை நண்பர்களுக்கு அது மறந்துபோயிற்று.

வருவது என்றால் என்ன? மாதச் சம்பளக்காரர்களுக்கு அது அரைநாள் தற்செயல் விடுப்பு. நாட்கூலிக்கு அது அன்றைய உலை. குமரி மாவட்டத்து மனிதர் ஒருவர் 2004இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை திறக்கும் வரை, தம் மேல்முறையீடு என்னவாயிற்று என்று நேரில் அறிய ஏறத்தாழ 700 கிலோமீட்டர் கடந்து சென்னைக்கு வர வேண்டியிருந்தது. வராதவர் எல்லாம் அக்கறை இல்லாதவர் என்று சொல்பவர்கள் ஒரு முறையாவது தாலுகா நீதிமன்ற வராந்தாவில் காலை முதல் மாலை வரை நின்று பார்த்துவிட்டுச் சொல்லட்டும்.

*

நாம் ஏதோ உணர்ச்சிவயப்பட்டுச் சட்டத்துக்குப் புறம்பாகப் பேசுவதாக எண்ண வேண்டாம். நாட்டின் உச்ச நீதிமன்றமே இதைப் பலமுறை சொல்லியிருக்கிறது. கோட்டா தேர்தல் தீர்ப்பாயம் தொடர்பான வழக்கில் 1955இல் நீதிபதி விவியன் போஸ், நடைமுறை விதிகள் நீதிக்கு உதவவே வகுக்கப்பட்டவை, தண்டிப்பதற்கோ ஆளை இடறி விழச் செய்வதற்கோ அல்ல என்ற பொருள்பட எழுதினார். 1981இல், வழக்கறிஞர் வராததால் மேல்முறையீடு தள்ளுபடியான ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னும் வெளிப்படையாகப் பேசிற்று. வழக்கறிஞரை அமர்த்தி, கட்டணமும் கொடுத்துவிட்ட கிராமத்து மனிதன் தன்னால் ஆனதையெல்லாம் செய்துவிட்டான். அந்த வழக்கறிஞர் நீதிமன்றத்துக்குப் போகிறாரா என்று காவல் காப்பது அவன் வேலையன்று. இவ்வாறு சொல்லி மேல்முறையீட்டை மீட்டுக் கொடுத்ததோடு, செலவுத்தொகை 200 ரூபாயை வராத வழக்கறிஞரிடமே வாங்கவும் ஆணையிட்டது. 2000இல், வேலைநிறுத்தத்தால் வழக்கறிஞர் வராமல் கட்சிக்காரருக்கு இழப்பு நேர்ந்தால் அதற்கு வழக்கறிஞரும் பொறுப்பு என்று மீண்டும் சொல்லப்பட்டது.

1987ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்று இவற்றிலெல்லாம் சுவையானது. தாமதத்தின் ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் சொல்ல வேண்டும் என்ற கொள்கையை அது எள்ளி நகையாடுகிறது. அப்படியானால் ஒவ்வொரு மணிக்கும் ஒவ்வொரு நொடிக்கும் ஏன் விளக்கம் கேட்கக் கூடாது, பொது அறிவோடு இதைப் பாருங்கள் என்கிறது. அருமையான நீதி! அதன் பயனைப் பெற்றவர் யார் என்று பார்த்தால், நிலம் கையகப்படுத்தும் மாவட்ட ஆட்சியர். அரசுக்கு நான்கு நாள் தாமதம் மன்னிக்கப்பட்ட வழக்கு அது. இந்தத் தீர்ப்பு எல்லா நீதிமன்றங்களிலும் மேற்கோளாகக் காட்டப்படுகிறது. ஆயினும் அம்மையாரின் மனுவுக்கு எதிர்த்தரப்பு தாக்கல் செய்த பதிலுரையில் முதல் வாசகமே, ‘மனுதாரர் தாமதத்தின் ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் தரவில்லை’ என்பதுதான்.

ஆக, நல்ல தீர்ப்புகளுக்குக் குறைவில்லை. அவை தள்ளுபடிக்குப் பிறகே உதவிக்கு வருகின்றன என்பதுதான் குறை. முதலில் கதவை அடைத்துவிட்டு, பிறகு தட்டுகிறவரின் விரல் வலியை அளந்து பார்த்துத் திறக்கலாமா என்று ஆராய்கிறோம். தட்டவே தெரியாதவர்களின் கணக்கு எங்கும் இல்லை.

*

மறுதரப்பின் வாதங்களையும் நேர்மையாக எடுத்துக்கொள்வோம்.

ஒன்று, வழக்குகள் தேங்கிக் கிடக்கின்றன. உண்மை. நாட்டின் மாவட்ட, சார்பு நீதிமன்றங்களில் இன்று 4 கோடிக்கும் மேற்பட்ட வழக்குகள் நிலுவையில் உள்ளன. ஆனால் தள்ளுபடி செய்யப்பட்ட வழக்கு முடிந்துவிடுகிறதா? அது மீட்பு மனுவாக, தாமத மன்னிப்பு மனுவாக, அதன் மீது சீராய்வு மனுவாக மறுபிறவி எடுக்கிறது. புரோநோட்டைப் பற்றி ஒரு நாளில் கேட்டு முடித்திருக்கக் கூடியதை விட்டுவிட்டு, பிரசவம் எந்த நாளில் நடந்தது என்று ஓராண்டு விசாரிக்கிறோம். இதில் குறைந்தது என்ன?

இரண்டு, வழக்கைப் போட்டுவிட்டு இழுத்தடிக்கும் வாதிகள் உண்டு. பிரதிவாதி எத்தனை நாள் அலைவார்? இதுவும் நியாயமான கேள்வி. வம்புக்கென்றே வழக்குப் போட்டு, இடத்தை விற்கவிடாமல் முடக்கி வைப்பவர்களை நாமும் அறிவோம். அவர்களுக்கு நம் பரிவு இல்லை. பிரதிவாதி வீணாக வந்து போன நாளுக்குச் செலவுத்தொகை கொடுக்கச் சொல்லுங்கள். அடுத்த முறையும் வராவிட்டால் தள்ளுங்கள். ஏமாற்றுக்காரனுக்கென்று வகுத்த கண்ணியில் சமையற்காரி விழுந்தால் வலையைத்தான் திருத்த வேண்டும்.

மூன்று, வாய்தா கொடுத்துக்கொண்டே போக முடியாது, மூன்று முறைக்கு மேல் கூடாது என்று சட்டமே சொல்கிறது. ஆம், 17ஆம் கட்டளையில் அந்த வரம்பு 2002இல் நடைமுறைக்கு வந்தது. ஆனால் சேலம் வழக்கறிஞர் சங்கம் தொடுத்த வழக்கில் 2005இல் உச்ச நீதிமன்றம், திடீரென மருத்துவமனையில் சேர்வது, விபத்து போன்ற கைமீறிய நிலைமைகளில் அந்த வரம்பு பொருந்தாது என்று விளக்கிவிட்டது. மேலும், அதே கட்டளையின் 2ஆம் விதி, ஒத்திவைக்கப்பட்ட நாளில் ஒரு தரப்பு வராவிட்டால் 9ஆம் கட்டளைப்படி முடிக்கலாம், அல்லது தக்கதெனத் தோன்றும் வேறோர் ஆணையையும் பிறப்பிக்கலாம் என்கிறது. அந்த ‘வேறோர் ஆணை’ நூற்றாண்டுக்கு மேலாகச் சட்டப் புத்தகத்தில் காத்திருக்கிறது. ஏன் வரவில்லை என்று கேட்டு அனுப்பும் ஆணையாக அது ஏன் இருக்கக் கூடாது?

*

நாம் கேட்பவை பெரிய புரட்சிகள் அல்ல. மூன்றே.

தள்ளுபடி செய்வதற்கு முன், இன்ன நாளில் நீங்கள் வராவிட்டால் வழக்கு போய்விடும் என்று வழக்கறிஞருக்கன்றிக் கட்சிக்காரருக்கே நேராக, தமிழில், ஓர் அஞ்சலட்டையோ குறுஞ்செய்தியோ போக வேண்டும். வழக்கு நாளைக் கைப்பேசிக்கு அறிவிக்கும் வசதி நீதிமன்றங்களின் கணினித் திட்டத்தில் ஏற்கெனவே இருக்கிறது. விசாரணை முறை விதிகளைத் திருத்திக்கொள்ளும் அதிகாரத்தை 122ஆம் பிரிவு உயர் நீதிமன்றங்களுக்கே தந்திருக்கிறது. தில்லியைப் பார்த்துக் காத்திருக்க வேண்டியதில்லை.

அடுத்து, மீட்பு மனுவுக்கான 30 நாளை, பிரதிவாதிக்கு எண்ணுவதுபோல, வாதிக்கும் அறிந்த நாளிலிருந்து எண்ண வேண்டும். இதற்கு நாடாளுமன்றம்தான் மனம் வைக்க வேண்டும்.

மூன்றாவதாக, வழக்கறிஞர் வராமையால் நேர்ந்ததென்றால், 1981இல் காட்டிய வழியில், செலவை அவரிடமே வாங்க வேண்டும்.

இவை முடியாதவை என்பவர்களுக்கு ஓர் எடுத்துக்காட்டு. குற்றவியல் வழக்குகளில் அழைப்பாணை வழக்குகள் என்று ஒரு வகை உண்டு. முறையீட்டாளர் குறித்த நாளில் வராவிட்டால் எதிரியை விடுதலை செய்ய 1973ஆம் ஆண்டுச் சட்டத்தின் 256ஆம் பிரிவு இடம் தந்தது. காசோலை வழக்குகளில் பலமுறை பயன்பட்ட பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் இருப்பது பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 279ஆம் பிரிவு. வராத முறையீட்டாளருக்கு 30 நாள் அவகாசம் தந்த பிறகே விடுதலை என்கிறது அது. காசோலை வாங்கிக்கொண்டு கடன் கொடுத்தவர் வராவிட்டால் 30 நாள் காத்திருக்கும் நீதி, புரோநோட்டு வாங்கிக்கொண்டு கொடுத்தவர் வராவிட்டால் மூன்று கூப்பாட்டுக்கு மேல் காத்திருக்காது. இந்த வேறுபாட்டுக்கு ஒரு நியாயம் சொல்பவர் இருந்தால் கேட்கக் காத்திருக்கிறோம்.

அம்மையாரின் மனு ஓராண்டு நான்கு மாதம் நடந்தது. 2,000 ரூபாய் செலவுத்தொகை கட்ட வேண்டும் என்ற நிபந்தனையோடு வழக்கு மீண்டும் கோப்பில் ஏற்றப்பட்டது. நீதி வென்றது என்று எழுதி முடிக்கலாம்தான். ஆனால் அதற்குள் கடைக்காரர் கடையை விற்றுவிட்டு ஊரை விட்டுப் போய்விட்டார். இனித் தீர்ப்புக் கிடைத்தாலும் எதன் மீது நிறைவேற்றுவது என்று புதிய வழக்கறிஞருக்கே தெரியவில்லை.

செலவுத்தொகை கட்டிய ரசீதை நம்மிடம் காட்டிவிட்டு, அம்மையார் கேட்டார்: ‘அன்னிக்கு ஒரு நாள் நான் வரலைன்னு எழுதி வெச்சிருக்காங்க, சரி. அதுக்கு முன்னாடி பதினாலு நாள் வந்து நின்னேனே சார், அதை எங்கயாச்சும் எழுதி வெச்சிருக்காங்களா?’

வராதவனுக்கு எதற்கு வழக்கு என்று கேட்ட நண்பர் அப்போது நம் அருகில்தான் அமர்ந்திருந்தார்.